பத்தொன்பது நொடி அழுகைக்கு இடம் பண்ணினோம்

சேசு மரி சூசை துணை

பிரம்மதேசம், 9-1-2017

என் கண்ணே அருள்ராணி, உன்னைப் பெற்றவள் எழுதுவது. நீயும் மருமகனும் பச்சைப்பிள்ளையும் சுகமா என்று இந்தக் கடிதத்தில் கேட்கப்போவதில்லை, சுகமாக இருக்கிறீர்கள் என்பதை என் கண்ணால் பார்த்துவிட்டேன், காதாலும் கேட்டுவிட்டேன். இங்கே நாங்களும் ஆண்டவர் தயவில் நன்றாக இருக்கிறோம், உன் அப்பாவுக்குக் காது மட்டும் முன்னைவிட மந்தம். போனில் எல்லாவற்றையும் சொல்ல முடியவில்லை, சுற்றி நின்று ஆளாளுக்குப் பிடுங்குகிறார்கள், அதனால் பெரியதம்பி மகன் தென்னரசு லீவு முடிந்து உங்கள் மஸ்கட்டுக்குத் திரும்புகிறான் என்று கேள்விப்பட்டதும் நோட்டில் தாள் கிழித்து உட்கார்ந்துவிட்டேன். மூன்றாம் வகுப்புக் கையெழுத்து, கோணலாகத்தான் போகும், பொறுத்துப் படி.

அன்றைக்கு, ஆறாம் தேதி வெள்ளிக்கிழமை, மூன்று ராஜாக்கள் திருநாள், நம் வாசல் வேப்பமரத்தடியில் விதைக்கடலைக்கு மல்லாட்டை உடைத்துக்கொண்டிருந்தவர்கள் யார் யார் என்பதை முதலில் எழுதிவிடுகிறேன். நான், உன் அப்பா, உன் சித்தப்பா மரியஅந்தோணி, அவன் பெண்டாட்டி வேணி, பக்கத்து வீட்டுப் பாஞ்சாலி. ஐந்து பேர். மரத்தில் கட்டியிருந்த கன்றுக்குட்டியைச் சேர்த்தால் ஆறு. நாளைக்கு வேறு யாராவது நானும் அங்கே இருந்தேன் என்று உன்னிடம் சொன்னால் நம்பாதே. பதினொன்றே கால் மணிக்கு மருமகன் போன் செய்தார். அத்தை, பொண்ணு பொறந்திருக்கு, ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க, பாப்பா அழறத வீடியோ எடுத்து அனுப்பியிருக்கேன் பாருங்க, உள்ள போன் எடுத்துனு போவக்கூடாதாம், அணைச்சி வெச்சிடறேன் என்று மூச்சு விடாமல் சொல்லிவிட்டு வைத்துவிட்டார். வேணி முறத்தைத் தூக்கிக் கடாசிவிட்டு எழுந்து நின்றுவிட்டாள், பாஞ்சாலி என் தலையைப் பிடித்துக்கொண்டு ஆட்டுகிறாள், உன் அப்பா என்னாச்சு என்னாச்சு என்று எல்லோர் வாயையும் பார்க்கிறார். நான் மட்டும் உட்கார்ந்த இடத்திலேயே இருந்தேன். உனக்குத் தெரியும் ஏன் என்று. 2012 ஆகஸ்ட் பதினெட்டு, சனிக்கிழமை, அன்றும் போனில் இதே வார்த்தைதான் வந்தது, ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க என்று. இரண்டு நாள் அதையே சொன்னார்கள், மூன்றாம் நாள்தான் பிள்ளை அழவே இல்லை என்று சொன்னார்கள். அதற்காக மருமகன் மேல் எனக்குக் கோபமில்லை, அவரும் இடிந்துபோய் வாய் வராமல் சொன்னதுதான். ஆனால் அன்று முதல் பிள்ளை விஷயத்தில் போனில் யார் சொன்னாலும் எனக்கு நம்பிக்கை வருவதில்லை. பிள்ளை அழுததை என் காதால் கேட்டால்தான் எழுந்திருப்பேன் என்று அப்படியே இருந்துவிட்டேன்.

போனை எடுத்துப் பார்த்தால் வீடியோ வந்திருக்கிறது, ஆனால் பனி மூடின மாதிரி மங்கலாக, நடுவில் ஒரு அம்புக்குறி. அதைத் தட்டினால் போனில் இடம் இல்லை, எதையாவது அழி என்று வருகிறது. மறுபடி தட்டினேன், அதையே சொல்கிறது. பதினோரு வருஷம் காத்திருந்து பிறந்த பிள்ளைக்கு நீ அனுப்பிய போனில் இடம் இல்லையாம்! உன் அப்பா ஒரு பை கொண்டாந்து கொஞ்சத்த அதுல எடுத்து வையேன் என்றார். பாஞ்சாலியிடம் இருப்பது பட்டன் போன், வேணியிடமும் அவள் புருஷனிடமும் அதுவும் இல்லை. மருமகன் போன் அணைந்து கிடக்கிறது, அந்த ஊரில் வாட்சப்பில் முகம் பார்த்துப் பேசவும் விடமாட்டார்கள் என்று நீதான் சொல்லியிருக்கிறாய். பாஞ்சாலி சொன்னாள், விழுப்புரத்துக்கு ஒரு போனு போடுக்கா, உன் சம்மந்தியம்மா இந்நேரம் பாத்திருப்பாங்க, அழுதுச்சான்னு கேட்டுக்க என்று. அதற்கு எனக்குக் காது இல்லாமலே போகட்டும் என்றேன்.

சரி அழிப்போம் என்று போட்டோக்களைத் திறந்தோம். அங்கேதான் பேஜாரு. கிறிஸ்துமஸ், புதுவருஷம் என்று ஊரெல்லாம் அனுப்பியது அத்தனையும் மாதா படமும் திருஇருதயப் படமும் அந்தோணியார் படமும்தான், ஆயிரத்துக்கு மேல் இருக்கும். குருத்தோலையைக்கூட வருஷம் முழுக்க சிலுவைக்குப் பின்னால் செருகி வைத்து, சாம்பல் புதனுக்குக் கோயிலில் கொடுத்துத்தான் எரிக்கிறோம், மாதா முகத்தின் மேல் விரலை வைத்து அழி என்று எப்படித் தட்டுவது? வேணி ஒவ்வொரு படத்துக்கும் சிலுவை போட்டுக்கொண்டு அடுத்ததுக்குப் போகிறாள். கடைசியில் புனிதர்கள் யாரும் இல்லாத படமாகப் பார்த்து, வெறும் ரோஜாப்பூ, வெறும் மெழுகுவத்தி, காபி டம்ளர் போட்ட காலை வணக்கம் என்று நாற்பது படத்தைப் பொறுக்கி அழித்தோம். போன் அசையவில்லை, இடம் இல்லை என்றே நிற்கிறது. பாஞ்சாலி, உங்க சாமிங்க எல்லாம் நல்லா சம்மணம் போட்டு ஒக்காந்துகினு இருக்கு, புள்ளைக்கு எடம் வுட மாட்டேங்குதே என்றாள். எனக்குச் சிரிப்பும் வருகிறது, நெஞ்சும் அடிக்கிறது.

அப்போதுதான் மரியஅந்தோணி, குடுங்க அண்ணி, செட்டிங்ஸ்ல போனா எது எவ்ளோ எடத்த புடிச்சிக்கினு இருக்குன்னு காட்டும் என்று கையை நீட்டினான். நீட்டியவன் பாதியில் கையை இழுத்துக்கொண்டான். அதற்குள் வேணி போனைப் பிடுங்கி, அவன் முன்பு சொல்லிக்கொடுத்தபடியே தட்டித் தட்டி உள்ளே போய்விட்டாள். பட்டியல் வந்தது. முதலில் இருப்பது வாட்சப் இல்லை, போட்டோ இல்லை. ஆரஞ்சும் கொய்யாவும் கண் முழித்துச் சிரிக்கிற ஒரு படம், ஒன்றே முக்கால் ஜிபி. பழத்தைப் பழத்தோடு சேர்த்து வெடிக்க வைக்கிற விளையாட்டு. மூன்று வருஷமாக தினமும் மத்தியானம் அன்றைய வாசகம் படிக்க வேண்டும் என்று வேணியிடம் சொல்லியனுப்பி என் போனை வாங்கிக்கொண்டு, கண்ணாடியை மாட்டிக்கொண்டு வைக்கோல்போருக்குப் பின்னால் போய் உட்காருவான், எவ்வளவு பக்தி என்று நானே உன்னிடம் ஒருமுறை சொல்லியிருக்கிறேன். வேணி கேட்டாள், ஏன் மாமா, பைபிள்ல ஆரஞ்சுப் பழம் எந்த அதிகாரத்துல வருது என்று. பாஞ்சாலி விடுவாளா, ஏவாளு தின்ன பழம் இதுவா இருக்கும், அதான் இவரு வுடாம தேடிக்கினு இருந்திருக்காரு என்றாள். அறுபத்திரண்டு வயது மனுஷன் மல்லாட்டைத் தோலுக்கு நடுவில் தலையைக் குனிந்துகொண்டு நின்றான்.

நின்றுகொண்டே சொன்னான், அண்ணி, கேச்ச மட்டும் அழிக்கலாம், அது சட்டியில புடிச்ச கரி மாதிரி, தொடச்சாலும் சோறு கெடாது, டேட்டாவ அழிச்சா சோறே கொட்டிப்புடும், நான் வெளையாண்டது எல்லாம் போயிடும் என்று. சரி கரியைத் துடை என்றேன். துடைத்தான். ஐம்பதோ அறுபதோ எம்பி வந்தது, வீடியோவைத் தட்டினால் வட்டம் கொஞ்சம் சுற்றிவிட்டு மறுபடி இடம் இல்லை. எனக்கு வந்த கோபத்தில் போன் தெரியவில்லை, பழம் தெரியவில்லை, 1993 தான் தெரிந்தது. நீ அப்போது சின்னப்பெண். நம் பக்கத்தைப் பிரித்து விழுப்புரம் மாவட்டம் என்று ஆக்கிய அதே மாதம், செப்டம்பர், முகையூரில் என் அம்மாவுக்கு இழுத்துக்கொண்டிருக்கிறது என்று காலையிலேயே தாண்டவராயன் எஸ்டிடி பூத்துக்குப் போன் வந்தது. பூத்து வாசலில் இவன் சீட்டாடிக்கொண்டிருந்தான். உங்க அண்ணிக்குப் போயி சொல்லுப்பா என்று தாண்டவராயன் சொன்னதற்கு, இருங்க, இந்த ஆட்டம் முடியட்டும் என்றானாம். ஆட்டம் முடிந்து, அடுத்த ஆட்டமும் முடிந்து, நாலு மணிக்கு வந்து சொன்னான். திண்டிவனம் போய் பஸ் பிடித்து, விழுப்புரத்தில் மாறி, நான் முகையூர் போய்ச் சேர்ந்தபோது, உடம்பு தாங்காது என்று அன்றே அடக்கம் செய்து கல்லறையில் மண் தள்ளி முடித்துவிட்டிருந்தார்கள். அன்றிலிருந்து என் கையால் அவனுக்கு ஒரு வாய் சோறு போட்டதில்லை, தட்டில் போட்டு வேணி கையில்தான் கொடுப்பேன், நீயும் பார்த்திருக்கிறாய், ஏன் என்று கேட்டதில்லை. அது எல்லாவற்றையும் அன்று வாசலில் நின்று சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன்.

நான் ஒரு வார்த்தை சொல்வதற்குள் அவன் போனை வேணி கையிலிருந்து வாங்கிக்கொண்டான். அறுநூத்தி எண்பத்தேழாவது கட்டம் அண்ணி, இன்னிக்கு மத்தியானம் முடிச்சிருப்பேன் என்றான். டேட்டாவை அழி என்பதைத் தட்டினான். நிச்சயமாகவா என்று போன் கேட்டது. அப்போது என் முகத்தைப் பார்த்து, இந்த வாட்டி ஆட்டத்த பாதியில வுட்டுட்டு வர்றேன் அண்ணி என்று சொல்லிவிட்டு, ஆமாம் என்பதையும் தட்டினான். அதோடு விடவில்லை, அந்த விளையாட்டையே போனிலிருந்து எடுத்துப் போட்டுவிட்டான். இருபத்துமூன்று வருஷமாக எனக்கு மட்டும்தான் அது ஞாபகம் இருக்கிறது என்று நினைத்திருந்தேன் அருள்ராணி. அவனுக்கும் இருந்திருக்கிறது.

அப்புறம் என்ன, ஜல்தி ஜல்தி என்று எல்லோரும் கத்த, வீடியோவைத் தட்டினேன். வட்டம் சுற்றுகிறது, சுற்றுகிறது, பனி விலகினது போலத் தெளிவாகிவிட்டது. வெள்ளைத் துணியில் சுற்றி, நெற்றி சுருங்கி, கை விரல் ஐந்தும் மடக்கி, முதலில் சத்தமே இல்லை. மூன்று நொடி இருக்கும், என் உயிர் என்னிடம் இல்லை. அப்புறம் அழுதாள் பார்! என்ன தொண்டை, என்ன கோபம், யாரைக் கேட்டு என்னை வெளியே எடுத்தீர்கள் என்பது போல. மரத்தடியில் கட்டின கன்று காதைத் தூக்கிக்கொண்டு திரும்பிப் பார்த்தது. பத்தொன்பது நொடி. எழுந்துவிட்டேன். கேட்கலயே கேட்கலயே என்ற உன் அப்பாவுக்குப் போனைக் காதோடு ஒட்டிவைத்துப் பதினோரு தடவை போட்டோம், எட்டாவது தடவையில்தான் கேட்டது, மீதி மூன்று தடவை அழுவதற்காகக் கேட்டார். சர்க்கரை எடுக்க உள்ளே போகும் பொறுமை யாருக்கும் இல்லை, பாஞ்சாலி விதைப் பருப்பையே அள்ளி எல்லோர் வாயிலும் போட்டாள், இந்தப் பட்டத்தில் கொஞ்சம் விதை குறைந்தால் அது என் பேத்தி தின்றது என்று வைத்துக்கொள். அன்று மத்தியானம் கேப்பைக்களி கிளறி, கருவாட்டுக் குழம்பு ஊற்றி, மரியஅந்தோணி தட்டில் என் கையால் போட்டேன். அவன் சாப்பிடவில்லை, தட்டையே பார்த்துக்கொண்டிருந்தான். ஆறிடும், துண்ணு என்றேன். அவ்வளவுதான் சொன்னேன், அவனுக்குப் போதும்.

சாயங்காலம் உன் மாமியார் ரோஸ்லின் டீச்சர் விழுப்புரத்திலிருந்து போன் செய்தார். சம்மந்தி, காலையிலேர்ந்து உங்க கிட்டேர்ந்து ஒரு சத்தத்தையும் காணோமே, பாத்தீங்களா, அப்படியே எங்க சகாய பிரவீன் மூக்கு என்றார். மூக்கு அவங்க அப்பா மூக்காவே இருக்கட்டும், தொண்டை எங்க வீட்டுத் தொண்டை என்று சொல்லி வைத்துவிட்டேன். அதன் பிறகு நீ இன்னும் அனுப்புவாய் என்று, மரியஅந்தோணியே உட்கார்ந்து பழைய வாய்ஸ் மெசேஜ் எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகக் காட்டி அழித்தான். ஒன்றில் வந்து நின்றான், 2015 ஜூன், நாற்பத்திரண்டு நொடி, இத்த அழிச்சிடலாமா அண்ணி என்றான். போனைப் பிடுங்கிக்கொண்டேன். உன் மாமியார் உனக்கு அனுப்பி, நீ அழுதுகொண்டே எனக்கு அனுப்பியது. நர்ஸுன்னு பேரு, ஊரான் புள்ளைக்கெல்லாம் துணி மாத்தலாம், தனக்குன்னு ஒண்ணு வரப்போறதில்ல, என் பையனுக்கு வேற எடம் பாத்திருக்கலாம் என்று டீச்சர் வேலை பார்த்த வாயால் நிறுத்தி நிறுத்திச் சொன்னது. நீ மூன்று முறை சொல்லிவிட்டாய், அழித்துவிடு அம்மா, நான் மன்னித்துவிட்டேன் என்று. நீ மன்னித்தது உன் பெரிய மனசு. பேத்திக்குப் பேச்சு புரிகிற வயது வரும்முன் நானே அதை அழித்துவிடுகிறேன், அவளுக்கு அது அப்பாவைப் பெற்ற ஆயாவின் குரல், அது அப்படி அவள் காதில் விழக்கூடாது. அதுவரை அங்கேயே கிடக்கட்டும்.

தென்னரசு கையில் பிள்ளைப்பெற்ற லேகியம், உரித்த பூண்டு, வறுத்த மல்லாட்டை, என் பழைய நூல்புடவையைக் கிழித்துத் துவைத்த துணி பன்னிரண்டு கொடுத்திருக்கிறேன். லேகியம் நெல்லிக்காய் அளவு, காலையில் வெறும் வயிற்றில், கசக்கிறது என்று துப்பாதே. தலைக்கு ஊற்றினால் காதில் பஞ்சு வை. ஏசி காற்று பிள்ளை முகத்தில் அடிக்கக் கூடாது. நாற்பது நாள் ஆகும்வரை போட்டோவை ஸ்டேட்டஸில் வைக்காதே, கண் படும். எனக்கு மட்டும் தினமும் அனுப்பு, சிரிக்கிறதை அனுப்பு, அழுகிறதையும் அனுப்பு, இப்போது இடம் நிறைய இருக்கிறது. ரோஜாப்பூ போட்ட காலை வணக்கம் மட்டும் யாரும் அனுப்ப வேண்டாம் என்று உன் சிநேகிதிகளிடம் சொல். மாதா படங்கள் எல்லாம் அப்படியே இருக்கின்றன, உன் பிள்ளையைச் சுற்றி இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன். வேளாங்கண்ணி மாதா உங்கள் மூன்று பேரையும் தன் முந்தானையில் வைத்துக் காப்பாற்றட்டும், பிள்ளை நூறு வயது சத்தமாக வாழட்டும்.

முத்தங்களுடன், அறுபத்தைந்து வயதில் ஆயா ஆனவள், உன் அம்மா
சவுரியம்மாள்

மறந்துவிட்டேன், மரியஅந்தோணி சித்தப்பாவுக்கு ஒரு போன் வாங்கி அனுப்பு, பழ விளையாட்டை அதில் முதலிலிருந்து ஆடட்டும், அவன் மேல் எனக்கு இனி ஒன்றும் இல்லை. எல்லோரையும் விட்டாயிற்று. விழுப்புரம் ரோஸ்லின் டீச்சரை மட்டும் நான் மன்னிக்க மாட்டேன்.