உன் அம்மா பார்க்கும் தொடர்

நேற்று மாலை இராஜபாளையத்திலிருந்து பஸ் பிடித்து ஸ்ரீவில்லிபுத்தூரில் உன் அம்மாவைப் பார்க்கப் போனேன். நீ போய்ச் சேர்ந்த பிறகும் வாராவாரம் போகிற பழக்கத்தை விடவில்லை. டிவியில் ஒரு தொடர் ஓடிக்கொண்டிருந்தது. இரண்டு பையன்கள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்கள். காதலர்களாம். பின்னால் வயலின் வேறு. உன் அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டார். எனக்குத்தான் நாற்காலியில் இருப்புக் கொள்ளவில்லை.

நம் காலத்து டிவியில் நாயகனும் நாயகியும் நெருங்கினால் போதும், இரண்டு பூக்கள் வந்து உரசிக்கொள்ளும். பெரியவர்கள் தொண்டையைச் செருமுவார்கள். ஆனால் ஒருவன் இடுப்பை நெளித்து இன்னொரு ஆணைப் பார்த்துக் கண்ணடித்தால் அதற்குப் பூவெல்லாம் கிடையாது. உங்கள் வீட்டில் கூடியிருக்கும் தெருவே விழுந்து விழுந்து சிரிக்கும். அந்த நேரம் பார்த்து நீ மொட்டைமாடிக்கு ஓடுவாய். ஆன்டெனா காற்றில் திரும்பிவிட்டதாம். கொடைக்கானல் ஒளிபரப்புக் கோபுரத்தைப் பார்த்து ஒழுங்காக நின்றதை நீதான் திருப்புவாய். படம் புள்ளி புள்ளியாகிவிடும். "தெரியுதாலே?" என்று மேலேயிருந்து கத்துவாய். அந்தக் காட்சி முடிகிற வரைக்கும் எங்கே தெரியும்? உன்னைத் திட்டாத ஆளில்லை.

ஏன் திருப்பினாய் என்பதைப் பல வருடம் கழித்து என்னிடம் மட்டும் சொன்னாய். சொன்ன கையோடு, "எங்கம்மாவுக்கு மட்டும் தெரியக் கூடாதுலே" என்று சத்தியமும் வாங்கிக்கொண்டாய்.

பிறகு கேபிள் வந்தது. பூக்கள் காணாமல் போயின. பாட்டுகளில் மறைக்க ஒன்றும் மிச்சமில்லை. உன் மாதிரி ஆள் மட்டும் அப்போதும் கோமாளிதான். இப்போதுதான் அவனுக்காக அழுகிறார்கள். எனக்கு ஆத்திரமாக வருகிறது. பாதி ஆத்திரம் உன் மேல்தான். மாரடைப்புக்கு அப்படி என்ன அவசரம்?

விளம்பரம் வந்ததும் உன் அம்மா சத்தத்தைக் குறைத்தார். என்னைப் பார்க்காமலே கேட்டார்.

"அவன் எந்தப் பொண்ணையும் வேண்டாம்னானே, இதுக்குத்தானாலே?"

நான் எழுந்து தண்ணீர் குடித்தேன். மறுபடி உட்கார்ந்தேன். உனக்குக் கொடுத்த வாக்கு வாயைக் கட்டியிருந்தது. அவரே சொன்னார்.

"நீ ஒண்ணும் சொல்ல வேண்டாம். அப்பல்லாம் நானும் சேந்து சிரிச்சேன்லா, அதை அவன் பாத்திருப்பானோ?"

பார்த்தாய். எனக்குத் தெரியும். உன் ரகசியத்தைக் காப்பாற்றுவது இத்தனை நாள் பெரிய பாரமாக இல்லை. நேற்றிலிருந்து அவருடைய கேள்வியும் என்னிடம்தான் இருக்கிறது. அடுத்த வாரமும் போவேன், அவரும் கேட்பார். என்ன சொல்லட்டும்?