வாட்டில் சொன்ன சொல்

கொழும்பு
08.07.2024

அன்பின் சிபானா,

அஸ்ஸலாமு அலைக்கும். நான் எடுத்த நமது படத்தை வெளிநாட்டுத் திரைப்பட விழாவொன்று தெரிவுசெய்துவிட்டது. "சண்டையில்லை, பாட்டில்லை, இத ஆர் பாக்குற?" என்று சிரித்தவர்கள் இனி வாயை மூடட்டும். சனிக்கிழமை கல்முனையில் காட்டுகிறார்கள். எனக்கு வர முடியாது. நீ போய் முன்வரிசையில் இரு. இருமல் குறைந்ததா என்று எழுது.

உன் மசூர்

சாய்ந்தமருது
14.07.2024

மச்சான்,

வஅலைக்குமுஸ்ஸலாம். போனில் நீங்கள் என்னைக் கதைக்க விடமாட்டீர்கள். அதனால் எழுதுகிறேன்.

படம் பார்த்தேன். நம் பிள்ளை உயிரில்லாமல் மௌத்தாய்ப் பிறந்த பிறகு, ஆஸ்பத்திரி வாட்டில் நான் உங்களிடம் சொன்னதை அந்த நடிகை சொல்கிறாள். "பால் கட்டி நோகுது மச்சான், இத நான் ஆருக்குக் குடுக்க?" ஒரு சொல் மாறவில்லை. நான் சேலைத் தலைப்பைக் கடித்ததைப் போலவே அவளும் கடிக்கிறாள். என்னோடு படம் பார்க்க வந்திருந்த அடுத்த வீட்டு அம்ஹா என் நெஞ்சைப் பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். வெளியே ஓடிப்போய் வாந்தி எடுத்தேன்.

அந்த இடத்தை வெட்டிவிடுங்கள்.

சிபானா

கொழும்பு
19.07.2024

அன்பின் சிபானா,

கோபப்படாதே. மண்டபமே அழுததாம். விழாக்காரர்களும் அந்தக் காட்சியைத்தான் புகழ்ந்திருக்கிறார்கள். அதை வெட்டினால் படத்தில் உயிரில்லை. உன் பெயரை எங்கும் போடவில்லையே. எனக்கும் அது பிள்ளைதானே?

அடுத்த படம், நீயும் உன் உம்மாவும் பேசாமலிருந்த காலத்தைப் பற்றியது. பாதி எழுதிவிட்டேன். சண்டையில் யார் என்ன சொன்னது என்பது சில இடங்களில் மறந்துவிட்டது. நான் வீட்டுக்கு வந்ததும் சொல்லித் தா.

உன் மசூர்

சாய்ந்தமருது
24.07.2024

மசூர் அவர்களுக்கு,

உங்களுக்கும் பிள்ளைதான். அப்படியானால் உங்கள் அழுகையை எடுத்திருக்கலாமே? நீங்கள் அழவில்லை. அது இப்போதுதான் நினைவுக்கு வருகிறது. என் தலையைத் தடவிக்கொண்டிருந்தீர்கள். தடவியபடியே என் சொல்லைப் பாடமாக்கிக்கொண்டிருந்தீர்களா? எத்தனை தரம் தலை முழுகியும் அந்தக் கை என்மேல் இருப்பதுபோல அருவருக்கிறது.

நேற்று உம்மா வந்து, "என்ன புள்ள, ஏன் இப்பிடிக் கிடக்காய்?" என்று கேட்டா. வாயைத் திறந்தேன். நீங்கள் இங்கே இல்லை என்று தெரிந்தும் கதவைப் பார்த்தேன். பெற்ற தாயிடம் அழவும் பயமாக இருக்கிறது.

இது எனக்குச் சீதனமாகத் தந்த வீடு. இனி இங்கே வர வேண்டாம். உங்கள் உடுப்பையும் புத்தகங்களையும் உங்கள் கூடப்பிறந்த ராத்தா வீட்டில் கொடுத்துவிட்டேன். "என்ன புள்ள நடந்த?" என்று ராத்தா கேட்டா. படத்தைப் பார்க்கச் சொன்னேன்.

சிபானா