பென் டிரைவில் அழித்த படம்

2017 மார்ச் 12, ஞாயிறு

திருட்டு சைட்டில் புதுப்படத்தை இறக்கி, ஷிப்ட் நண்பர்கள் மூன்று பேருக்கும் பென் டிரைவில் கொடுத்ததை, நேற்று நைட் ஷிப்டுக்குக் கிளம்பும்போதுதான் என் வீட்டுக்காரர் சொன்னார். வாசலிலேயே மறித்துக்கொண்டேன்.

"காண்ட்ராக்ட்லேர்ந்து பர்மனென்ட் ஆவுற நேரத்துல கேஸுன்னு வந்தா என்னாங்க பண்றது? எல்லாரையும் அழிக்கச் சொல்லுங்க. தியேட்டர்லயே பாக்கலாம்."

காலையில் ஷிப்ட் முடிந்ததும் எல்லார் வீட்டிலும் அழித்துவிட்டார்கள். அப்படியே தூங்காமல் மேட்னிக்குக் கிளம்பினோம், நான்கு குடும்பமும். டைட்டில் முடிவதற்குள் ஆண்கள் அத்தனை பேரும் வரிசையாகக் குறட்டை. நாங்கள் பெண்கள் விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டே படம் பார்த்தோம்.

இப்போது, "கிளைமாக்ஸ் என்னாச்சு, சொல்லு" என்று கெஞ்சுகிறார்.

"சொல்றதில்லன்னு நாங்க நாலு பேரும் பேசி வச்சிட்டோம். மறுபடியும் இட்டுகினு போங்க, தெரியும்" என்றேன்.