பார்வை என்று எழுதாதே

பிப்ரவரி 4

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. இங்கே எல்லோரும் சுகம். உன் அத்தானுக்கு மட்டும் இடுப்புப் பிடிப்பு. ஃபிரிட்ஜ் ரிப்பேருக்குப் போனவர், அதைத் தனியாகவே மூன்றாவது மாடிக்குத் தூக்கிப் போயிருக்கிறார். "அந்த அம்மா தனியா இருக்காங்க, பாவம்" என்கிறார். பாவம் பார்த்ததன் பலனைப் படுத்துக்கொண்டு அனுபவிக்கிறார்.

உன் கடிதத்தை வாசிப்பு மெஷின் படித்துக் காட்டியது. 'என் ஆசை அக்காவுக்கு' என்பதையும் கரண்ட் பில்லையும் அது ஒரே குரலில்தான் வாசிக்கிறது. ஆசையை நான்தான் சேர்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

நேற்று எதிர்வீட்டு டெய்லரம்மா லிஃப்டில் என்னைப் பிடித்துக்கொண்டாள். "முதுகுல என்னமோ கட்டியிருக்கியே, சுளுக்கா?"

"என் தம்பி செஞ்சது. கண்ணாடியில ஒரு கேமரா இருக்கு. அது புடிக்கறதை இந்தப் பட்டை முதுகுல தட்டித் தட்டிச் சொல்லும்."

"அப்ப உனக்குக் கண்ணு தெரியுதா?"

"கண்ணு தெரியல. நீங்க கையை என் மூஞ்சிக்கு முன்னாடி ஆட்டறது தெரியுது."

ஆட்டிய கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள்.

ஆரம்பத்தில் முதுகில் எறும்பு ஊர்ந்தது, அவ்வளவுதான். உன்னைத் திட்டிக்கொண்டே கட்டினேன். பிறகு ஒரு காலையில் எறும்பைக் காணோம்; எதிரே ஒரு கதவு திறந்தது. முதுகில் இல்லையடா, எதிரே! தட்டுவது முதுகில்தான், தெரிவது வெளியே. இப்போது ஆஸ்பத்திரி டெலிபோன் அறையில் யாராவது என் மேஜையை நோக்கி வந்தால், அவர்கள் வாயைத் திறக்கும் முன்பே ஹெட்ஃபோனைக் கழற்றிவிடுகிறேன். உன் மருமகள் வாலு ஒளிந்து விளையாட இடமில்லாமல் தவிக்கிறாள். "நீ ஏமாத்தற" என்று தினமும் சண்டை.

ஒரே ஒரு குறை. உங்கள் கம்பெனி அச்சடித்த தாளை அத்தான் வாசித்தார். என் படத்துக்குக் கீழே 'பிறவியிலேயே பார்வையற்ற பெண் இன்று பார்க்கிறார்' என்று போட்டிருக்கிறீர்களாம். நான் பார்க்கவில்லை. பார்ப்பது எப்படி இருக்கும் என்றே எனக்குத் தெரியாது. இது வேறு ஏதோ. இதற்கு இன்னும் யாரும் பேர் வைக்கவில்லை. பார்வை என்று எழுதாதே.

நேரத்துக்குச் சாப்பிடு.

உன் அக்கா


பிப்ரவரி 15

என் ஆசை அக்காவுக்கு,

பொடியன் எழுதுவது. அத்தானை அடுத்த ஃபிரிட்ஜைப் பார்த்தால் கும்பிட்டுவிட்டு வரச் சொல்.

பேருக்காகச் சண்டை போடாதே. 'பேர் தெரியாத ஒன்று இங்கே கிடைக்கும்' என்று போர்டு மாட்டினால் எவன் கடைக்குள் வருவான்?

பெரிய விஷயம் ஒன்று. பட்டைக்குப் புதிய புரோகிராம் தயார். பழையதை நாம் உன் சமையலறையில் உட்கார்ந்து போட்டோம். "படத்தைக் குடுக்காதடா, அசைவைக் குடு. கிட்ட வந்தா அழுத்து, விலகினா விடு" என்று நீதான் சொன்னாய். அபாரமான யோசனை. யாருக்கும் தோன்றாதது. ஆனால் அது பழக ஒரு வருஷம் ஆகிறது. ஒரு வருஷம் யார் பொறுப்பார்கள்? புதியதில் கேமராவில் விழும் படம் அப்படியே முதுகில் விழும். வெளிச்சமான இடத்தில் தட்டும், இருட்டில் தட்டாது. நானே கண்ணைக் கட்டிக்கொண்டு போட்டுப் பார்த்தேன். இரண்டே வாரத்தில் ஆபீஸ் வராந்தாவில் நாற்காலிகளுக்கு நடுவே நடந்தேன். டீமில் எல்லோரும் நடந்தார்கள். அக்கா, நிஜமாகவே நான் பார்த்தேன்!

மார்ச் 20 அன்று அனுமதிக் குழு உட்காருகிறது. அவர்கள் தலையாட்டினால் பட்டையை வெளியே கொடுக்கலாம். அவர்கள் முன்னால் நீ நடக்க வேண்டும். நீ ஒன்றும் செய்ய வேண்டாம். இந்தக் கடிதம் வருவதற்குள் உன் பட்டை தானாகவே புதியதற்கு மாறியிருக்கும்.

வாலுவுக்கு முத்தம்.

உன் பொடியன்


பிப்ரவரி 24

தம்பிக்கு,

என்னைக் கேட்காமல் எப்படி மாற்றினாய்?

திங்கட்கிழமை காலை பட்டையைக் கட்டினேன். முதுகில் யாரோ மேளம் அடித்தார்கள். எதிரே ஒன்றும் இல்லை. பழுது என்று நினைத்துக் கழற்றிக் கழற்றி மாட்டினேன். வீடு இல்லை, கதவு இல்லை, அத்தான் இல்லை. ஒரு வருஷமாக எனக்கு வெளியே இருந்ததெல்லாம் மறுபடியும் என் முதுகுத் தோலுக்குள் வந்து அடைந்துகொண்டது.

நீ கண்ணைக் கட்டிக்கொண்டு பார்த்தாய் என்கிறாய். பார்த்திருப்பாய். உனக்குள் பிறந்ததிலிருந்து சேர்த்துவைத்த நாற்காலிகள் ஆயிரம் இருக்கின்றன. முதுகில் நாலு தட்டு விழுந்ததும் அதில் ஒன்று எழுந்து நிற்கிறது. எனக்குள் அப்படி ஒன்றும் இல்லையே. வெளிச்சம் எங்கே இருக்கிறது என்று எனக்கு எதற்கடா சொல்கிறாய்? வெளிச்சத்தோடு எனக்கு என்ன பழக்கம்?

வியாழக்கிழமை ஆஸ்பத்திரி வாசல் படியில் விழுந்தேன். தரையும் படியும் ஒரே வெள்ளைக் கல்லாம். பட்டை ஒரே மாதிரி தட்டிக்கொண்டே இருந்தது. முட்டியில் தையல். பள்ளிக்கூடம் விட்டு வந்த வாலு கீழ்ப்படியில் நின்றிருக்கிறாள். நான் விழுந்தது அவளுக்குப் பெரிதாகத் தெரியவில்லை. வீட்டுக்கு வரும்வரை ஒன்றையே கேட்டாள்: "நான் எதிர்லதானே நின்னேன்? ஏம்மா என்கிட்ட சிரிக்கல?"

பழையதைத் திருப்பிப் போடு.

அக்கா


மார்ச் 1

அக்கா,

உன் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். முட்டி எப்படி இருக்கிறது? தையல் பிரித்தாயிற்றா?

பழையதைத் திருப்ப முடியாது. கம்பெனியில் ஒரே புரோகிராம்தான் இருக்க வேண்டும் என்று முடிவாகிவிட்டது. என் கையில் இல்லை. ஒன்று சொல்கிறேன், கோபப்படாதே. முதல் தடவையும் உனக்கு எறும்புதான் ஊர்ந்தது. பிறகு பழகியது. அனுபவம் என்பதே பழக்கம்தானே? இதற்கும் ஒரு நாள் கதவு திறக்கும். உன்னைவிடக் கெட்டிக்காரி யாரும் இல்லை.

20ஆம் தேதிக்கு வராமல் இருந்துவிடாதே. குழுவுக்குக் கொடுத்த அறிக்கை முழுவதும் உன் பேரில்தான் நிற்கிறது. நீ வரவில்லை என்றால் ஐந்து வருஷ உழைப்பை மூட்டை கட்ட வேண்டியதுதான். உன் காலில் விழுந்து கேட்கிறேன்.

பொடியன்


மார்ச் 6

தம்பிக்கு,

காலில் விழாதே, ஒரு காலில் தையல் இருக்கிறது.

வருகிறேன். கைத்தடியோடுதான் நடப்பேன். அவர்கள் கேட்டால் உள்ளதைச் சொல்வேன். அதற்குச் சம்மதம் என்றால் மட்டும் டிக்கெட் அனுப்பு.

அக்கா


மார்ச் 21

என் தங்க அக்காவுக்கு,

அனுமதி கிடைத்துவிட்டது! ஆபீஸில் கேக் வெட்டினார்கள். தடியை மடித்துக் கையில் வைத்துக்கொண்டு நீ நாற்காலிகளுக்கு நடுவே நடந்தாயே, குழுவில் ஒருவர் எழுந்தே நின்றுவிட்டார். டாக்ஸியில் நீ ஒரு வார்த்தை பேசவில்லை. களைப்பு என்று விட்டுவிட்டேன்.

நேற்று நான் கட்டிவிட்ட பட்டையை நீயே வைத்துக்கொள். அதை யாரிடமும் கொடுக்காதே, நெட்டில் இணைக்காதே. நல்லபடியாக வேலை செய்கிறது இல்லையா? பிறகு பேசலாம்.

உன் பொடியன்


மார்ச் 23

தம்பிக்கு,

பிறகு பேச வேண்டாம், இப்போதே பேசலாம்.

"உன் பட்டையில பாட்டரி சரியில்ல, இதைக் கட்டிக்கோ" என்று நீ வேறு ஒன்றைக் கட்டினாய். கொக்கியை மாட்டினாய். அந்த நிமிஷமே அறை வந்துவிட்டது. நாற்காலிகள் வந்தன. குழுத் தலைவி அம்மா கன்னத்தில் கை வைத்தது, எடுத்தது, எல்லாம். நீ என் எதிரே நின்று ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு மாறிக்கொண்டே இருந்தாய். என் பழைய புரோகிராம். எனக்கு அழுகை வந்தது. தம்பி திருந்திவிட்டான், அவர்களிடமும் சொல்லிவிட்டான் என்று நினைத்தேன். தடியை மடித்தது அந்தச் சந்தோஷத்தில்தான். "எப்படி இருக்கு?" என்று அந்த அம்மா கேட்டார். "நல்லா இருக்கு" என்றேன். ஒரு எழுத்துகூடப் பொய் இல்லை.

பிறகு அவர் சொன்னார்: "இந்தப் புது புரோகிராமையே அடுத்த மாசம் பார்வையற்றோர் பள்ளிப் பிள்ளைங்களுக்குக் குடுத்துடலாம்." நான் வாயைத் திறந்தேன். நீ என் முழங்கையைப் பிடித்தாய். "வாக்கா, டாக்ஸி நிக்குது." பிடியில் அழுத்தம் அதிகமாகவே இருந்தது.

என் உண்மையை எடுத்து உன் பொய்க்கு முட்டுக் கொடுத்துவிட்டாய்.

அந்தப் பிள்ளைகள் என்னைப் போலப் பிறந்தவர்கள். அவர்களுக்கு மேளம்தான் கேட்கும். படியில் விழுவார்கள். "பழகப் பழகச் சரியாகிடும்" என்று பெரியவர்கள் சொல்வார்கள். தங்களுக்குத்தான் புத்தி போதவில்லை என்று அதுகள் நினைத்துக்கொள்ளும். அதுதான் என்னால் தாங்க முடியவில்லை.

மாத முடிவுக்குள் நீயே போய்ச் சொல். நீ சொன்னால் அது திருத்தம். நான் சொன்னால் அது புகார்.

அக்கா


மார்ச் 27

அக்கா,

நீ நினைக்கிற மாதிரி இல்லை. புதியதில் நீ அங்கே விழுந்திருந்தால் எல்லாமே முடிந்திருக்கும். பழையதைக் காட்டியிருந்தால், ஒரு வருஷப் பழக்கத்தைச் சோதிக்க வழியில்லை என்று திருப்பி அனுப்பியிருப்பார்கள். முதலில் அனுமதி, பிறகு மெதுவாகச் சரிசெய்வது. எந்தப் புதுசும் இப்படித்தான் உலகத்துக்கு வந்திருக்கிறது. பிள்ளைகள் விஷயத்தை நான் பார்த்துக்கொள்கிறேன்.

நீ சொன்னால் என்ன ஆகும் தெரியுமா? என் வேலை போவது கிடக்கட்டும். அந்தப் பட்டையை வாங்கிக்கொண்டு போய்விடுவார்கள். பழைய புரோகிராம் இருப்பது உலகத்திலேயே அது ஒன்றில்தான். அதை உனக்காகத்தான், யாருக்கும் தெரியாமல், திருட்டுத்தனமாக எடுத்து வைத்தேன். மறுபடியும் இருட்டுக்குத் திரும்பிப் போகப் போகிறாயா? வாலுவின் சிரிப்பை விட்டுவிட்டு?

யோசித்துச் செய்.

பொடியன்


ஏப்ரல் 10

அன்புள்ள தம்பிக்கு,

மாத முடிவுவரை காத்திருந்தேன். அதற்கு மேலும் சில நாள் காத்திருந்தேன், நீ போய்ச் சொல்லியிருப்பாய் என்று. குழுத் தலைவியின் அலுவலகத்துக்கு போன் செய்து, வேறு ஏதோ கேட்பதுபோலக் கேட்டேன். நீ சொல்லவில்லை. பள்ளிக்கூடத்துக்குப் பெட்டிகள் கிளம்பத் தயாராக இருப்பதாகச் சொன்னார்கள்.

மறுநாள் அத்தானோடு அந்த அலுவலகத்துக்கே போனேன். போவதற்கு முன் வாலுவைக் கூட்டிக்கொண்டு பூங்காவுக்குப் போய், பட்டையோடு ஒரு சாயங்காலம் முழுவதும் உட்கார்ந்திருந்தேன். அவள் ஊஞ்சலில் வந்து வந்து போனாள். கிட்டே வரும்போது அழுத்தியது, விலகும்போது விட்டது. அதை வைத்துக்கொள்ளத்தான் மனசு கெஞ்சியது. உன்மேல் கோபம்கூட வரவில்லை அப்போது. எனக்காகத் திருடியிருக்கிறாயே என்றுதான் இருந்தது.

குழுத் தலைவி அம்மா கண் டாக்டராம். இரண்டு பட்டைகளையும் மேஜைமேல் வைத்து நடந்ததைச் சொன்னேன். அவர்களுடைய இன்ஜினியர் இரண்டையும் திறந்து பார்த்து, "வேற வேறதான் மேடம்" என்றார். டாக்டரம்மா சும்மா இருக்கவில்லை. கண்ணைக் கட்டிக்கொண்டு பழைய பட்டையைக் கட்டி அறையில் நடந்தார். நாற்காலியில் இடித்துக்கொண்டார்.

"எனக்கு ஒண்ணுமே புரியலையேம்மா. என்னமோ ஊருது."

"ஒரு வருஷம் பொறுங்க டாக்டர்."

சிரித்தார். பிறகு புதியதைக் கட்டிக்கொண்டு நடந்தார். தடுமாறினாலும் எதையும் இடிக்கவில்லை. கண்கட்டை அவிழ்த்துவிட்டு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "எங்களுக்குப் புரிஞ்சா போதும்னு இருந்துட்டோம்" என்றார்.

அனுமதியை நிறுத்திவைத்திருக்கிறார்கள். பள்ளிக்கூடத்தில் இரண்டையும் வைத்து, அவசரமில்லாமல், படியில்லாத இடத்தில் முதலில் சோதிக்கப்போகிறார்கள். பிள்ளைகளோடு என்னையும் உட்காரச் சொல்லியிருக்கிறார்கள். உன்னை விசாரணைக்குக் கூப்பிடுவார்கள். பழைய புரோகிராமை யோசித்தவன் நீயும்தான், அதைப் போடத் தெரிந்தவன் நீ ஒருவன்தான் என்று எழுதிக் கொடுத்திருக்கிறேன். அதுவும் உண்மை, அதனால் எழுதினேன்.

பட்டையைச் சாட்சிப் பொருள் என்று பெட்டியில் போட்டு மூடிவிட்டார்கள். எப்போது திரும்பும் என்று யாருக்கும் தெரியவில்லை.

இருட்டுக்குத் திரும்பிப் போவாய் என்று எழுதியிருந்தாய். இருட்டு என்றால் என்ன என்று எனக்குத் தெரியாதடா. அது கண் உள்ளவர்களுடைய சாமான். நான் திரும்பி வந்தது வேறு இடத்துக்கு. கொஞ்சம் சின்ன இடம், கை நீளும் வரைக்கும்தான். முன்பு போதுமாக இருந்தது, இப்போது போதவில்லை. உனக்கு ஆறுதலாகப் பொய் சொல்ல மாட்டேன்.

நேற்று வாலு என் முன்னால் வந்து நின்றாள். "இப்ப நான் என்ன பண்றேன், சொல்லு."

"தெரியலடி."

பிறகு என் விரலைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். ஈரமாக ஏதோ பட்டது. நாக்கை நீட்டியிருக்கிறாள். "இதான் பண்றேன்" என்றாள். நான் சிரித்தேன். அவளும் சிரித்தாள் என்று விரலுக்குத் தெரிந்தது.

நீ போனை எடுப்பதில்லை. கடிதமும் இல்லை. பரவாயில்லை. என்றைக்காவது கோபம் ஆறி வருவாய். மாடிப்படியில் ஏறும் காலடியிலேயே நீதான் என்று எனக்குத் தெரிந்துவிடும். ஆனாலும் கதவுக்கு இந்தப் பக்கம் நின்று, "யாரது?" என்று கேட்பேன். நீ வாயைத் திறந்து சொல்ல வேண்டும். சொன்னால் திறப்பேன்.

உன் அக்கா