கம்ப்யூட்டரில் ஒட்டியிருந்த சீட்டு

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். நானும் அம்மாவும் சௌக்கியம், எம்பிராய்டரிக் கடையும் சௌக்கியம், கடையில் இருக்கிற கம்ப்யூட்டர் எங்கள் இரண்டு பேரையும்விடச் சௌக்கியம். நீயும் வேளைக்குச் சாப்பிட்டு, நேரத்துக்குத் தூங்கி, நன்றாக இருக்கிறாய் என்று நம்புகிறேன். நம்புகிறேன் என்றுதான் எழுத முடிகிறது, ஏனென்றால் போனில் கேட்டால் நீ எப்போதுமே நன்றாகத்தான் இருக்கிறாய். ஞாயிற்றுக்கிழமை நான் போனில் வேலை முடிந்துவிட்டது, நீ வரவேண்டாம், டிக்கெட்டை ரத்து செய் என்று சொன்னதை நீ நம்பவில்லை. யார் செய்தது, எப்படிச் செய்தது, டிசைன் எல்லாம் இருக்கிறதா என்று அடுக்கிக்கொண்டே போனாய். நான் ஒரு வரி சொல்வதற்குள் மூன்று கேள்வி. கடிதத்தில் நீ குறுக்கே பேச முடியாது பார், அதற்காகத்தான் இதை எழுதுகிறேன். கூரியரில் ஐந்து நாளில் வந்துவிடுமாம்.

விஷயம் உனக்குத் தெரிந்ததுதான், இருந்தாலும் என் வாயால் ஒரு தடவை சொல்கிறேன். நம் கம்ப்யூட்டரில் ஓடுகிற பழைய சிஸ்டத்துக்கு வரும் பதினான்காம் தேதியோடு கம்பெனிக்காரன் பாதுகாப்பு கொடுப்பதை நிறுத்துகிறான். ஆஸ்பத்திரியில் யூனிஃபார்ம் வாங்குகிற அம்மாள் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார், ஊழியர்களின் பெயர்ப் பட்டியலைப் பாதுகாப்பில்லாத கம்ப்யூட்டருக்கு அனுப்ப மாட்டோம், புது சிஸ்டம் போட்டுவிட்டுத் திரையைப் படம் எடுத்து அனுப்புங்கள் என்று. அந்த வேலை போனால் நம் மெஷின் வாரத்தில் நான்கு நாள் சும்மா நிற்கும். இதைக் கேட்டதும் நீ பன்னிரண்டாம் தேதிக்கு டிக்கெட் போட்டுவிட்டாய். உன் டாக்டர் லைசென்ஸ் பரீட்சை பதினேழாம் தேதி. முதல் தடவை அம்மா காலை உடைத்துக்கொண்டாள், வந்தாய், பரீட்சை தள்ளிப்போனது. இரண்டாம் தடவை புது மெஷின் இறக்கினோம், வந்தாய், தள்ளிப்போனது. மூன்றாம் தடவை ஒரு கம்ப்யூட்டருக்காகத் தள்ளிப்போனால் அப்புறம் நான் அப்பா என்று சொல்லிக்கொள்வதில் என்ன இருக்கிறது? டிக்கெட் போட்டாச்சு என்று நீ சொன்ன அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன், இதை நான் ஒரு கை பார்த்துவிடுவது என்று.

உன் மாமாவிடம் வாயைக் கொடுத்தேன், அது என் தப்பு. அவன் வந்து சோதனை புரோகிராமை ஓட்டினான், இந்தக் கம்ப்யூட்டருக்குத் தகுதி இல்லை என்று சிவப்பில் வந்தது. உடனே, இதைத் தூக்கிப் போட்டுவிட்டுப் புதுசு வாங்குங்கள் என்றான். ஆறு வருஷமாக ஒரு நாள்கூட லீவு போடாத கம்ப்யூட்டரைத் தூக்கிப் போடச் சொல்கிறானே என்று எனக்குச் சுருக்கென்றது. ரிப்பேர் கடை நடத்துகிற அம்மாளிடம் போனேன். அவர் கேட்டுவிட்டுச் சிரித்தார். தகுதியெல்லாம் இருக்கிறது, உள்ளே ஒரு பாதுகாப்புச் சில்லு, அதுதான் சிப், இருக்கிறது, அதை யாரும் எழுப்பவில்லை என்றார். கம்ப்யூட்டரைப் போட்டவுடன் எந்தச் சாவியை அழுத்தி எங்கே போய் எழுப்பவேண்டும் என்று ஒரு தாளில் வரைந்தே கொடுத்தார். நேரில் வரக் கேட்டதற்கு, கடைசி நேரத்தில் ஊரே வந்து நிற்கிறது, பதினாறாம் தேதிக்கு மேல்தான் முடியும் என்றார். சரி, நமக்கு நாமே என்று வந்துவிட்டேன்.

இப்போது என் பெருமையைக் கேள். வேலையைத் தொடங்குமுன் டிசைன்களை வேறொரு டிஸ்க்கில் எடுத்து வைக்கவேண்டும் அல்லவா? திரையில் இருந்த படங்களை எல்லாம் ஒன்றாகப் பிடித்தேன், டிஸ்க்கில் போட்டேன், நான் கண்ணாடியைத் துடைத்து மாட்டுவதற்குள் எல்லாம் ஏறிவிட்டது. பதினோரு வருஷ வேலை, இரண்டாயிரத்துச் சொச்சம் டிசைன், ஒரே நிமிஷம். எனக்குக் கால் தரையில் பாவவில்லை. மாமா வேறு, எல்லாவற்றையும் துடைத்துவிட்டுச் சுத்தமாகப் புதிதாகப் போடுங்கள், அதுதான் சரி என்று சொல்லியிருந்தான். நானும் துடைக்கத் தயாராக உட்கார்ந்துவிட்டேன். அம்மா அந்தப் பக்கம் நூல் வெட்டிக்கொண்டிருந்தவள் எழுந்து வந்தாள். உனக்குத்தான் தெரியுமே, எந்தப் பேட்ஜை நீட்டினாலும் அவள் முன்பக்கத்தைப் பார்க்கவே மாட்டாள், பின்பக்கம் முடிச்சும் தொங்கலும் எப்படி இருக்கிறது என்றுதான் பார்ப்பாள். அதே மாதிரி டிஸ்க்கைப் பார்த்துக் கையை நீட்டினாள்.

“திருப்பிக் காட்டுங்க.”

டிஸ்க்கை எப்படியடி திருப்புவது என்று கேட்டேன். வேறொரு கம்ப்யூட்டரில் போட்டுத் திறந்து காட்டுங்கள், அதற்கு அப்புறம் எதை வேண்டுமானாலும் துடையுங்கள் என்று ஒற்றைக்காலில் நின்றாள். சண்டை போட்டுப் பார்த்தேன், மசியவில்லை. மாமா வீட்டுக்கு நடந்தோம். அவன் லேப்டாப்பில் டிஸ்க்கைச் செருகினேன். ஒன்றுகூடத் திறக்கவில்லை பாப்பா. ஒவ்வொரு படத்தின் மூலையிலும் குட்டியாக ஒரு வளைந்த அம்பு. உன் மாமா குனிந்து பார்த்தான், முகத்தில் ஈயாடவில்லை. நான் எடுத்து வைத்தது டிசைனை இல்லையாம், டிசைன் இருக்கிற இடத்துக்கு வழிகாட்டுகிற பலகையை மட்டுமாம். பலகையைப் பத்திரமாக எடுத்துக்கொண்டு வீட்டை இடிக்கப் போயிருக்கிறேன். திரும்பி வரும்போது வழியில் அம்மா, காப்பி குடிக்கலாமா என்று மட்டும் கேட்டாள்.

சனிக்கிழமை காலையிலிருந்து மத்தியானச் சாப்பாடு வரை நிஜமாகவே எடுத்து வைத்தோம். அம்மா பக்கத்தில் உட்கார்ந்து நோட்டில் எழுதிக்கொண்டே வந்தாள். டிசைனுக்கெல்லாம் அவள் வைத்திருக்கிற பெயர்களைப் படித்தால் நீ சிரிப்பாய். ‘சண்டைக்காரப் பள்ளிக்கூடம்’, ‘மூன்று தடவை நிறம் மாற்றின ஓட்டல்’, ‘சொன்ன தேதிக்கு வராத கிளப்’. எல்லாவற்றையும் மறுபடி மாமா வீட்டுக்குக் கொண்டுபோய் ஒவ்வொன்றாகத் திறந்தாள். மாமா டீ கொடுத்து, பலகாரம் கொடுத்து, கடைசியில் போதும் அக்கா என்று கெஞ்சினான். அவள் நோட்டில் கடைசி வரிவரை டிக் போட்ட பிறகுதான் எழுந்தாள்.

ஞாயிறு காலை கடையை உள்ளே பூட்டிக்கொண்டு தொடங்கினோம். தாளில் வரைந்திருந்தபடி சில்லை எழுப்பினேன், இரண்டாம் தடவையில் சரியாக வந்தது. சோதனை புரோகிராம் பச்சை காட்டியது. துடைக்கிற பேச்சே இல்லை, இருப்பது இருக்கட்டும், மேலே புதிதாகப் போடு என்று அழுத்தினேன். நூற்றுக்கு இத்தனை என்று எண் ஏறியது. அறுபத்தொன்றில் வந்து நின்றது. பத்து நிமிஷம், இருபது நிமிஷம், நாற்பது நிமிஷம். செத்துவிட்டது என்றே நினைத்து ஸ்விட்சில் கை வைத்தேன். அம்மா தலையைத் தூக்காமல், “கையை எடுங்க”, என்றாள். எடுத்தேன். கொஞ்ச நேரத்தில் அறுபத்திரண்டு. அறுபத்திரண்டு என்ற எண் இவ்வளவு அழகு என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

எல்லாம் முடிந்து திரை வந்தது, டிசைன் அத்தனையும் இருந்தது, ஆனால் தையல் புரோகிராம் திறக்கவில்லை. அந்த புரோகிராமைத் திறக்கக் கம்ப்யூட்டரில் செருகி வைத்திருக்கிற லைசென்ஸ் குச்சி இருக்கிறதே, அதைப் புது சிஸ்டத்துக்கு அடையாளம் தெரியவில்லை. உடனே கை போனுக்குப் போய்விட்டது. உன் நம்பரையும் எடுத்துவிட்டேன். நீ அந்நேரம் படித்துக்கொண்டிருப்பாய். போனை அணைத்து நூல் டிராயரில் போட்டு மூடினேன். மெஷின் வந்தபோது கொடுத்த புத்தகத்தைத் தேடி எடுத்து, பூதக்கண்ணாடி வைத்துப் படித்து, அந்தக் கம்பெனியின் இணையப் பக்கத்துக்குப் போய்ப் புது சிஸ்டத்துக்கென்று வைத்திருந்ததை இறக்கிப் போட்டேன். குச்சியில் விளக்கு எரிந்தது. எனக்குக் கண் கலங்கிவிட்டது, சொல்வதற்கென்ன வெட்கம். மறுநாள் படத்தை அனுப்பினேன், ஆஸ்பத்திரி அம்மாள் ஒரு மணி நேரத்தில் புதுப் பட்டியலை அனுப்பிவிட்டார்.

இந்தக் கவரில் இரண்டு சாமான் இருக்கும். ஒன்று, ஆறு வருஷத்துக்கு முன்னால் நீ ஊருக்குக் கிளம்புகிற அவசரத்தில் எழுதிக் கம்ப்யூட்டரில் ஒட்டின சீட்டு, ‘அப்பா, எதையும் தொடாதீங்க, எனக்கு போன் பண்ணுங்க’. நீ ஒரு வாரத்துக்குச் சொன்னாய், நான் ஆறு வருஷம் கடைப்பிடித்தேன். இனிமேல் அது வேண்டாம், பிய்த்துவிட்டேன். இன்னொன்று, புது சிஸ்டத்தில் ஓட்டின முதல் தையல். வெள்ளைத் துணியில் நீல நூலில் உன் பெயர். லைசென்ஸ் வாங்கின அன்றைக்குக் கோட்டில் வைத்துத் தைத்துக்கொள். பின்பக்கத்தையும் திருப்பிப் பார், அம்மா ஒரு தொங்கல் விட்டிருக்க மாட்டாள்.

ஒன்றை மட்டும் ஒளித்து வைக்க மனசு வரவில்லை. இத்தனை வருஷம் கம்ப்யூட்டரில் கோளாறு என்று நான் உன்னைக் கூப்பிட்டதில் பாதிக்குமேல் கோளாறே கிடையாது. நீ அங்கே உட்கார்ந்துகொண்டு இங்கே திரையைப் பிடிப்பாய், நான் மௌஸைத் தொடாமலே அம்பு தானாக நகரும், அங்கே போகும், இங்கே திறக்கும், மூடும். உன் கை நம் கடைக்குள் வந்துவிட்ட மாதிரி இருக்கும். அதைப் பார்ப்பதற்காகத்தான் கூப்பிட்டேன். உன் படிப்பு நேரத்தை எவ்வளவு தின்றிருக்கிறேன் என்று இப்போது நினைத்தால் உறுத்துகிறது, மன்னித்துக்கொள். இனி கம்ப்யூட்டருக்கு ஒன்றுமில்லை. கூப்பிட்டால் சும்மாதான் கூப்பிடுவேன், அதுவும் பதினேழுக்குப் பிறகு.

பயப்படாமல் எழுது. தெரியாத கேள்வியில் நின்றுவிட்டால் அறுபத்தொன்றை நினைத்துக்கொள், ஸ்விட்சில் கை வைக்காதே. நினைத்ததெல்லாம் நடந்து நீ நல்லபடியாக இருக்கவேண்டும், எங்கள் இரண்டு பேருடைய ஆசீர்வாதமும் எப்போதும் உண்டு. டிக்கெட்டை இன்றைக்கே ரத்து செய், மறந்துவிடாதே.

இப்படிக்கு,
உன் அப்பா

(பின்பக்கம்)

பாப்பா, அம்மா. கடிதத்தையும் திருப்பிப் பார்ப்பாய் என்று தெரியும். அப்பா பொய்க்குக் கூப்பிடுகிறார் என்பது எனக்கு முதல் தடவையே தெரியும். கோளாறு நிஜமாக இருந்த தடவைகளில் பாதி, நான் கம்பியை லேசாக உருவிவிட்டதுதான். அவரிடம் சொல்லாதே. நன்றாக எழுது.