கடைசி வரியில் நின்ற பெயர்

அன்புள்ள எனிட்,

இது நான் என் கையால் எழுதும் முதல் கடிதம். அந்தச் சந்தோஷத்தைச் சொல்லவே வெட்கமாக இருக்கிறது.

நீ நடித்த படம் எங்கே ஓடினாலும், முடிந்ததும் தேசிய கீதத்துக்கு நிற்க வேண்டியிருக்கும் என்று, நடிகர் பெயர்கள் வருமுன்பே என்னை வெளியே இழுத்துவிடுவாய். சனிக்கிழமை நான் நகரவில்லை. வாசிக்கக் கற்றுக்கொண்ட குஷியில், திரையில் ஓடியதை எழுத்துக் கூட்டி உரக்கப் படித்துவிட்டேன்.

"வேலைக்காரி, எனிட் ஹார்கோம்."

"பெரிய வேஷம், எல்லாத்தையும் வெட்டிட்டாங்கன்னியே எனிட்! கடைசிப் பேரு, அதுவும் வேலைக்காரியா?" என்று பக்கத்து வீட்டு டாப்சன் அம்மாள் சிரித்தாள். தொப்பியைக்கூட எடுக்காமல் உன் அக்கா வீட்டுக்குப் போய்விட்டாய்.

மேலே இருந்த பெயர்கள் என் வேகத்துக்கு நிற்கவில்லை, எனிட். உன் பெயர் மட்டும்தான் நான் படித்து முடிக்கும்வரை காத்திருந்தது.

வந்துவிடு. இனி மனதுக்குள் வாசிக்கிறேன்.

தலைகுனிந்து,
உன் கிழவன்