வெறும் வயிற்றில் மூன்று கிளாஸ்

பெரியவளின் அம்மாவுக்கு,

நான் நலம். உன் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? தைலம் தேய்க்கிறாயா?

சுற்றுலா வருபவர்களுக்குப் பழைய நகரத்தை நடந்தே சுற்றிக்காட்டி, கடை கடையாகச் சாப்பிடவும் ஒயின் ருசிக்கவும் வைப்பதுதானே என் வேலை. முதலில் சாப்பாடு, பிறகுதான் ஒயின். ஏழு வருடமாக என் முறை அது. புது மேனேஜர் அதைத் தலைகீழாக்கினான். "தலை கிறுகிறுத்தாத்தான் நாலு பாட்டில் வாங்குவாங்க, பெரியவரே!" வெறும் வயிற்றில் மூன்று கிளாஸ் குடித்த ஒரு அம்மா வெயிலில் கல்படியில் மயங்கிச் சரிந்தார். தாங்கிப் பிடித்ததில் எனக்கு முழங்கையில் சிராய்ப்பு மட்டும்தான். பயப்படாதே.

இப்போது, முறையை மாற்றியது நான்தான் என்று எழுதிக் கையெழுத்துக் கேட்கிறான். போடாவிட்டால் திங்கட்கிழமை முதல் வேலை இல்லையாம். "வயசாச்சு, மறந்திருப்பீங்க" என்று இளிக்கிறான். பள்ளிக்கூடம் போகாமலே படித்தவன் நான். எனக்கா மறக்கும்?

"போட்டுத் தொலைங்களேன்" என்பாய். மாட்டேன். மாப்பிள்ளையை அவனிடம் சமாதானம் பேச விடாதே.

என் பழைய மூக்குக்கண்ணாடியை அனுப்பு, இங்கே வாங்கியது மூக்கில் நிற்கவில்லை. பதிலைப் பேத்தியிடம் சொல்லி எழுத வைக்காமல் நீயே எழுது. உன் கோணல் எழுத்தைப் பார்த்து நாளாகிறது.

ஊர் சுற்றிப் பார்க்க ஆட்கள் வந்துவிட்டார்கள். இன்றைக்கும் முதலில் சாப்பாட்டுக் கடைக்குத்தான் கூட்டிப் போகிறேன். தடுத்துப் பார்க்கட்டும்.

உன் வீட்டுக்காரன்